இரண்டு நொடி

பதினோரு வருடம் போர் விமானம் ஓட்டியவள் நான். இப்போது தாண்டிக்குடியில், காபி எஸ்டேட்டின் பழைய குடோனில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்து ஓட்டுகிறேன். போர் விமானத்துக்கான புதிய இறக்கையை முதலில் ஆளில்லாத குட்டி ஜெட் ஒன்றில் சோதிக்கிறோம். விழுந்தாலும் உயிர் போகாது என்று எங்கள் அதிகாரிகள் சொல்வார்கள். கீழே காபிப் பழம் பறிக்கிறவர்கள் அவர்கள் நினைப்பிலேயே இல்லை.

"கிழக்குச் சரிவுல யாரும் இல்லல்ல, அண்ணே?" வாசலில் நின்ற மேஸ்திரி அழகையாவிடம் மூன்றாவது முறையாகக் கேட்டேன்.

"வெள்ளனே எல்லாரையும் மேல ஏத்திட்டேம்மா. தேவகுமாரி மட்டும் விட்டுட்டு வந்த சாக்கை எடுக்கப் போயிருக்கா. வெரசா வந்துருவா."

இதை இப்போதா சொல்வது? அந்தச் சரிவுக்கு மேலேதான் விமானம் பறந்துகொண்டிருந்தது. பதறித் திருப்பினேன். விமானத்துக்குள்ளே உட்கார்ந்திருந்தால் உடம்பே எச்சரித்திருக்கும். இங்கே தெரியவில்லை, ஸ்டிக்கை அளவுக்கு மீறி இழுத்துவிட்டேன். திரையில் மலை சுழன்றது.

"எண்ணூறு அடி," என்றார் பக்கத்தில் இருந்த இன்ஜினியர் ஜெயச்சந்திரன். "அறுநூறு. மேடம், நானூறு."

எப்படியோ நிமிர்த்தினேன். விமானம் சரிவைத் தாண்டிப்போய் வெறும் பாறையில் மோதியது. திரை இருண்டது.

கொஞ்ச நேரத்தில் தேவகுமாரி சாக்கோடு ஏறி வந்து, வாசலில் மூச்சு வாங்க நின்றாள்.

ஜெயச்சந்திரன் பதிவைப் பார்த்துக்கொண்டிருந்தார். "நடுவுல ரெண்டு செகண்ட் ஸ்டிக்குல உங்க கையே இல்லையே, மேடம்?"

நான் தேவகுமாரியைப் பார்க்கவில்லை. அந்த இரண்டு நொடியும் என் கைகள் முழங்கால்களுக்கு நடுவே நாற்காலி விளிம்பைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தன. போர் விமானத்தில் விமானி மட்டும் வெளியே குதித்துத் தப்பிக்கிற பிடி அங்கேதான் இருக்கும்.