நான் எழுதாமல் விட்ட பெயர்

தியாகராசாவின் மரண அறிவித்தலை எழுதியவன் நான்தான். எங்கள் கரையில் யார் செத்தாலும் அறிவித்தல் எழுத என்னிடம்தான் வருவார்கள். கடற்றொழிலாளர் சங்கத்தில் இருபத்திரண்டு வருடம் செயலாளராக இருந்தவன், எழுத்துப் பிழை விடமாட்டேன். யாருக்கு யார் மருமகன், எந்தச் சகோதரி கனடாவில், எந்தச் சகோதரன் முன்பே காலமானவன் என்பதெல்லாம் எனக்கு மனப்பாடம். செத்தவருக்கு ஊரில் ஒரு பட்டப்பெயர் இருந்தால் சொந்தப் பெயருக்குப் பக்கத்தில் அடைப்புக்குறி போட்டு அதையும் எழுதுவது வழக்கம். அது இல்லாவிட்டால் பாதிச் சனத்துக்கு ஆளை விளங்காது. இதெல்லாம் தெரிந்துகொண்டுதான் தியாகராசாவின் பட்டப்பெயரை நான் எழுதாமல் விட்டேன்.

அவன் என் மனைவி மகாதேவியின் தமையன். எனக்கும் அவனுக்கும் ஒரே வயது, ஒரே வகுப்பு, பிறகு ஒரே வள்ளம். நாலு மாதம் தெல்லிப்பழை ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்குமாக அலைந்து, போன செவ்வாய்க்கிழமை விடியப்புறம் வீட்டில்தான் உயிர் போனது. அவன் பெண்சாதி முன்பே செத்துப் போய்விட்டாள். ஒரே மகள் தயாளினி அழுத கண்ணோடு வந்து, "மாமா, நீங்களே எல்லாத்தையும் எழுதிக் குடுத்துவிடுங்கோ" என்று என் கையில் ஒரு படத்தைத் தந்தாள். தகப்பனின் பழைய படம், இப்போது சனம் அறிந்த தாடி மீசை ஒன்றும் அதில் இல்லை. அதுவும் எனக்கு வசதியாகப் போய்விட்டது.

அந்தப் பட்டப்பெயர் கொப்பரன். அதன் பொருளை எங்கள் கரைக்கு வெளியில் உள்ளவர்களுக்குச் சொல்ல வேண்டும். கொப்பரன் என்றால் முதலில் மீன். கரை கண்ணுக்குத் தெரியாத தூரத்தில், தண்ணீர் கறுத்துக் கிடக்கும் ஆழத்தில் திரிகிறது. முகத்தில் ஒரு முழத்துக்கு மேல் வாள். சூரை மீன் கூட்டத்துக்குள் புகுந்து அந்த வாளால் இரண்டு பக்கமும் விளாசிவிட்டு, அடிபட்டுக் கிடப்பதை ஆறுதலாகத் திரும்பி வந்து தின்னும். இரண்டாவது, வரிசையில் நிற்காமல் இடித்துப் புகுந்து பங்கை எடுத்துக்கொண்டு போகிறவனுக்கும் அதுதான் பெயர். சங்கத்தில் மண்ணெண்ணெய் கொடுத்த நாட்களில் 'உவன் ஒரு கொப்பரன்' என்று யாராவது சொன்னால் நான் தலையைத் தூக்கிப் பார்ப்பேன். கலியாணப் பேச்சில் அந்தச் சொல் வந்தால் மாப்பிள்ளைக்கு மூக்கு நீளம். யாழ்ப்பாணப் பட்டணத்து ஆட்கள் கேட்டால், கொப்பர் என்றால் தகப்பன் என்பதால், ஆருடைய கொப்பர் என்று பகிடி விடுவார்கள்.

கடைசிப் பொருள்தான் என் வயிற்றெரிச்சல். அந்த மீனை வள்ளத்தில் ஏற்றும்போது அதன் வாளை வெறுங்கையால் பிடித்து உள்ளே இழுத்தவனுக்கு, அன்றிலிருந்து மீனின் பெயரே பெயர். தூண்டில் யாருடையது, எத்தனை மணித்தியாலம் யார் இழுத்தான் என்று ஒருவரும் கேட்கமாட்டார்கள். வாளைப் பிடித்தவன் கொப்பரன், அவ்வளவுதான். அவன் உயிரோடு இருக்கும்வரை அந்தக் கரையில் இன்னொருவனுக்கு அந்தப் பெயரைக் கொடுக்கவும் மாட்டார்கள். பட்டம் இல்லை, பரிசு இல்லை, வெறும் பெயர். அந்த வெறும் பெயருக்காக நான் பதின்மூன்று வருடம் நித்திரை கெட்டிருக்கிறேன்.

சண்டை முடிந்து, தூரக் கடலுக்குப் போக விட்ட பிறகு, 2012 பங்குனியில் நடந்தது இது. வள்ளம் என்னுடையது. தூண்டிலும் என்னுடையது. மீன் பட்டது எனக்கு. இரண்டரை மணித்தியாலம் நான்தான் இழுத்தேன். தங்கூசி நூல் என் கையை வெட்டியதால் கடைசி நேரத்தில் தியாகராசா முன்னுக்கு வந்து வாளைப் பிடித்தான் என்றுதான் ஊர் அறியும். கரைக்கு வந்து இறங்கியபோது நூறு பேர் நின்றார்கள். நூறு பேரும் அவனைத் தூக்கினார்கள்.

அன்றிலிருந்து பஸ் கொண்டக்டர் 'கொப்பரன் வீட்டடி இறக்கம்' என்று கத்தத் தொடங்கினான். அந்த இடத்தில் முதலாவதாக இருப்பது என் வீடு, அதற்கு அடுத்ததுதான் அவனுடையது. மகாதேவியைச் சந்தையில் கொப்பரன்ரை தங்கச்சி என்றார்கள், அவளும் பல்லைக் காட்டிக்கொண்டு வருவாள். செயலாளரின் மனைவி என்று சொன்னபோது ஒருநாளும் அப்படிச் சிரித்தவள் இல்லை. பிரான்சிலிருக்கும் என் மகன் சிவதர்ஷன் போன் எடுத்தால் முதல் கேள்வி, கொப்பரன் மாமா எப்படி இருக்கிறார்.

அவன் கெட்டவனாக இருந்திருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். ஆனால் யார் அந்தக் கதையைக் கேட்டாலும், "தூண்டில் மச்சான்ரை. இழுத்ததும் மச்சான்தான். கை வெட்டுப்பட்டதாலை நான் பிடிச்சன்" என்று வரிசையாகச் சொல்லுவான். கேட்டவர்கள் என்னைப் பார்ப்பதற்குப் பதிலாக, என்ன அடக்கமான மனிசன் என்று இன்னும் கூட அவனையே மெச்சுவார்கள். உண்மையைச் சொல்லியே ஒருவன் என்னை இவ்வளவு சிறுமைப்படுத்த முடியும் என்று அதற்கு முன் எனக்குத் தெரியாது.

ஆகவே எழுதினேன்: கந்தையா தியாகராசா, கடற்றொழிலாளி. அதைத்தான் நெல்லியடி அச்சகத்தில் கொடுத்தேன், பேப்பருக்கும் அனுப்பினேன், ஒலிபெருக்கி கட்டிய ஓட்டோவில் ஊர் ஊராக வாசிக்கவும் கொடுத்தேன். ஓட்டோக்காரப் பெடியன் ஜெரிசன் அதை அப்படியே வாசித்துக்கொண்டு போனான். செவ்வாய் பின்னேரம் அவன் குரல் சந்தியைத் தாண்டிப் போனபோது, வெறும் தியாகராசாவாகப் போகிறான் என்று நினைத்து எனக்கு உள்ளே ஒரு குளிர்ச்சி. பொய் சொல்லவில்லை, நன்றாக நித்திரையும் வந்தது.

புதன்கிழமை இரண்டு மணிக்குப் பிரேதம் எடுப்பதாக இருந்தது. காலையில் சந்திக்குப் போனேன். கொடிகாமத்திலிருந்து மீன் வாங்க வரும் குணலட்சுமி பஸ்ஸால் இறங்கி நின்றாள். பத்து வருடமாகத் தியாகராசாவிடம்தான் மீன் எடுக்கிறவள். அவள் சாய்ந்து நின்ற லைட் கம்பத்தில், தலைக்கு மேலே, நான் எழுதிய அறிவித்தல் ஒட்டியிருந்தது. நான் வரும்போது அதை அண்ணாந்து வாசித்துக்கொண்டுதான் நின்றாள்.

"கொப்பரன் அண்ணைக்கு இப்ப எப்பிடி இருக்கு? நாலு மாசமா ஆளைக் காணேல்லை" என்று கேட்டாள். பிறகு கூடையிலிருந்து ஒரு கட்டு முருங்கைக்காயை எடுத்து நீட்டினாள். "உங்கடை மச்சான்தானே. இதை அவரிட்டைக் குடுத்துவிடுங்கோ. வருத்தக்காரருக்கு நல்லது."

நான் வாயைத் திறந்திருக்கலாம். அறிவித்தலைக் காட்டியிருக்கலாம். "ஓம், குடுக்கிறன்" என்று வாங்கிக்கொண்டேன்.

செத்த வீட்டுக்கு முருங்கைக்காயோடு போவதா? வேலிக்கரையில் வைத்துவிட்டு உள்ளே போனேன். பந்தலில் எங்கள் ஒழுங்கைச் சனம் மட்டும் இருந்தது. வாடகைக்கு எடுத்த கதிரைகளில் பாதிக்கு மேல் சும்மா கிடந்தன. எங்கள் துறையில் அன்று ஒரு வள்ளமும் இறங்கவில்லை, அது மரியாதை. ஆனால் கிழக்கே, மேற்கே மற்றத் துறைகளிலிருந்து எல்லா வள்ளங்களும் கடலுக்குப் போயிருந்தன. கொப்பரன் செத்தால் இந்தக் கரை முழுவதும் வலை காய வேண்டும். தியாகராசா செத்ததற்கு அவர்கள் ஏன் நிற்கப் போகிறார்கள்?

தயாளினி தகப்பனின் தலைமாட்டில் இருந்தாள். என்னைக் கண்டதும் எழும்பி வந்து மெதுவாகக் கேட்டாள்.

"மாமா, அப்பாவுக்கு இவ்வளவு சனந்தானோ?"

சும்மா கிடந்த கதிரைகளைக் கையால் காட்டினாள்.

"நடுக்கடலிலை இஞ்சின் நிண்டவையை எத்தனை தரம் கட்டி இழுத்துக்கொண்டு வந்தவர். ஒருதரும் வரேல்லை. அப்பா அவையளை எங்கடை ஆக்களெண்டு நினைச்சிருந்தவர், மாமா. அவை அப்பாவை அப்பிடி நினைக்கேல்லை."

அவளுக்கு இருபத்தொன்பது வயது. இனி இந்த நினைப்போடுதான் அவள் இருக்கப் போகிறாள், தன் தகப்பன் யாருக்கும் ஒரு பொருட்டில்லாத மனிசன் என்று. அவனை நான் சிறிதாக்க நினைத்தேன், ஓம். ஆனால் அவன் பெட்டிக்குள் கண்ணை மூடிக்கொண்டு கிடந்தான். அடி முழுவதும் இவளில்தான் விழுந்தது.

வெளியே வந்து ஜெரிசனைத் தேடிப் பிடித்தேன். இரண்டு மணியை நாலரையாக்கி, திரும்பவும் கரை முழுவதும் அறிவிக்க வேண்டும் என்றேன். அவன் தாளைக் கேட்டான். கொப்பரன் என்ற பெயரையும் சேர்த்து வாசி என்று சொன்னேன். அவன் என்னை ஏற இறங்கப் பார்த்தான்.

"கொப்பரன் ஐயாவோ மோசம் போனது? நேற்று முழுக்க வாசிச்சனான் ஐயா. ஆரெண்டு தெரியாமல் வாசிச்சிருக்கிறன்." அவன் கண் கலங்கிவிட்டது. என்னால் வாசிக்க முடியாது, நீங்களே சொல்லுங்கோ என்று மைக்கை என்னிடம் தந்துவிட்டான்.

பதின்மூன்று வருடத்தில் அந்தப் பெயரை நான் ஒரு தடவைகூடச் சொன்னதில்லை. அவனை மச்சான் என்பேன், மற்றவர்களிடம் தியாகராசா என்பேன். ஓட்டோ சந்தியைத் தாண்டியதும் மைக்கை வாயருகே கொண்டுபோனேன். சொல்லாமல் திரும்பவும் கீழே இறக்கினேன். துக்கத்தால் என்று ஜெரிசன் நினைத்திருப்பான். அந்த நேரத்திலும் அது எரிச்சல்தான். என் கையால் இழுத்த மீனின் பெயரை, இன்னொருவனுக்காக, ஊர் ஊராக நானே கத்த வேண்டும்.

ஆனால் என்னிடம் இன்னொன்றும் இருந்தது. அது அவனுக்கும் எனக்கும் மட்டும் தெரிந்தது. அன்று தங்கூசி என் கையை வெட்டவில்லை. மீன் வள்ளத்தருகே வந்து தலையைத் தூக்கி, வாளை என் நெஞ்சுக்கு நேரே வீசியபோது, நான் தூண்டிலை விட்டுவிட்டுப் பின்னால் போய் இருந்துவிட்டேன். பயம். தியாகராசா பாய்ந்து பிடித்தான். எல்லாம் முடிந்து கரை தெரிந்தபோது, தன் இடுப்புச் சாரத்தைக் கிழித்து, காயமில்லாத என் கையில் அவனே சுற்றிக் கட்டினான். கரையில் இறங்கியதும் அந்தக் கதையை முதலில் சொன்னவன் அவன்தான். ஊருக்கு அவன் சொன்ன பொய் அது ஒன்றுதான். அதையும் எனக்காகச் சொன்னான். அதற்காகவும் அவனில் எனக்கு ஆத்திரம் இருந்தது.

"கொப்பரன்" என்றேன் மைக்கில். முதல் தடவை குரல் எழும்பவில்லை. இரண்டாவது தடவை பெலமாகச் சொன்னேன். "கொப்பரன் என்று எல்லாராலும் அழைக்கப்படும் கந்தையா தியாகராசா அவர்கள் காலமானார்."

கடைக்குள் நின்றவர்கள் தெருவுக்கு வந்தார்கள். ஒரு கிழவர் சைக்கிளை நிறுத்திவிட்டுத் தொப்பியைக் கழற்றினார். கடற்கரை வாடிகளில் நின்றவர்கள் கடலில் நின்ற வள்ளங்களுக்குப் போன் எடுக்கத் தொடங்கினார்கள். பஸ்ஸுக்கு நின்ற குணலட்சுமி மீன்கூடையோடு ஓட்டோவுக்குக் குறுக்கே வந்து நின்றாள். "அப்ப காலமை ஏன் சொல்லேல்லை?" என்று கேட்டாள். கூடையைப் பக்கத்துக் கடையில் வைத்துவிட்டு, செத்த வீட்டுப் பக்கம் ஓட்டமும் நடையுமாகப் போனாள்.

நாலு மணிக்கு எங்கள் ஒழுங்கையில் நிற்க இடமில்லை. வள்ளத்திலிருந்து நேரே வந்தவர்கள் ஈரச் சாரத்தோடேயே வந்தார்கள். தயாளினி வாசலில் நின்று, வருகிற ஒவ்வொருவரின் கையையும் பிடித்துப் பிடித்து அழுதாள். காலையில் அழுத அழுகை வேறு, இது வேறு.

குருநகரிலிருந்து வந்த, சொந்தமாக வள்ளங்கள் வைத்திருக்கும் யாகப்பு என்ற வயதான சம்மாட்டி என்னிடம் வந்தார். நடுக்கடலில் நின்ற தன் வள்ளத்தைத் தியாகராசா ஒரு நாள் முழுக்கக் கட்டி இழுத்து வந்ததைச் சொன்னார். பிறகு கேட்டார், "அந்த மீன் பிடிச்ச அண்டைக்கு அவரோடை ஒரு மச்சான் நிண்டவராம். கை வெட்டுப்பட்ட மச்சான். அவர் இருக்கிறாரோ?"

மகாதேவியும் தயாளினியும் பக்கத்தில்தான் நின்றார்கள்.

"அது நான்தான்" என்றேன். "என்ரை கை வெட்டுப்படேல்லை. நான் பயந்து பின்னுக்குப் போயிட்டன். அவர் பிடிச்சவர். நேற்று அறிவித்தலிலை அவரின்ரை பட்டப்பேரை எழுதாமல் விட்டதும் நான்தான். தெரிஞ்சுதான் விட்டனான்."

மகாதேவி என்னைப் பார்த்த பார்வையை நான் இங்கே எழுதப் போவதில்லை. தயாளினி உள்ளே போய்விட்டாள். யாகப்பு, "அவர் எங்களுக்கு அப்பிடிச் சொல்லேல்லை" என்று மட்டும் சொன்னார்.

பாடையைத் தூக்கும்போது என்னைத் தோள் கொடுக்கக் கூப்பிடுவார்களோ என்ற சந்தேகம் எனக்கு இருந்தது. தயாளினிதான் உள்ளேயிருந்து வந்து, "மாமா பிடிக்கட்டும்" என்றாள். முன்பக்கம் பிடித்தேன். சுடலைக்குப் போகும் வழியில் ஒரு தடவை திரும்பிப் பார்த்தேன். ஒழுங்கை முடிந்து, சந்தி தாண்டி, அதற்கு அங்கால் பனங்காணி வரைக்கும் சனம். எனக்கு இதில் கால்வாசியும் வராது என்று நினைத்தேன். தோளில் கிடந்த செத்த மனிசனில் அப்போதும் எரிச்சல் வந்தது. அந்த எரிச்சலோடேயே நடந்தேன். பாதி வழியில் ஒருவர் வந்து தோள் மாற்றட்டுமா என்று கேட்டார். நான் கொடுக்கவில்லை.