மச்சான் பிடித்த குழாய்

சங்கு குளிக்கிற சனத்துக்கு ஒரு சட்டம் உண்டு. எந்த சர்க்காரும் போட்டதில்லை. தண்ணீருக்கு அடியில் போகிறவனுக்கு மேலே கயிறு பிடிக்கிறவன், அவன் பெண்டாட்டியோடு கூடப்பிறந்தவனாக இருக்க வேண்டும். சொந்த அண்ணன் தம்பியை நம்பக்கூடாது, அவனுக்குச் சொத்துச் சண்டை இருக்கும். மச்சான் கைவிட மாட்டான். கயிற்றை விட்டால் அறுவது அவன் தங்கச்சி தாலி. இப்போது கயிறு போய்விட்டது. வள்ளத்தில் கம்ப்ரசர் ஓடுகிறது, குளிக்கிறவன் இடுப்பில் கட்டிய காற்றுக் குழாய் அவன் வாய்க்குப் போகிறது. ஆனாலும் குழாயைப் பார்த்துக்கொள்வது மச்சான்தான்.

பழைய குளியாள் ரோச் இந்த உலகத்தில் நம்பியது அந்த ஒன்றைத்தான். தரகனை நம்ப மாட்டார். கட்சிக்காரனை நம்ப மாட்டார். ஆஸ்பத்திரியை நம்பவே மாட்டார். வாசலில் செருப்பைக் கழற்றச் சொல்வான், உள்ளே போனால் உயிரைக் கழற்றிவிடுவான் என்பது அவர் கட்சி. அவருடைய அண்ணனுக்கு ஒரு தடவை கடலுக்குள் போய் வந்து கால் விழுந்தது. பெரிய ஆஸ்பத்திரியில் வாதம் என்றார்கள், தைலம் கொடுத்தார்கள். சாகிற வரைக்கும் அண்ணன் தரையில் தேய்த்துக்கொண்டுதான் போனார்.

அன்றைக்கு மத்தியானம் மருமகன் மெல்வினை வள்ளத்திலிருந்து சாக்கு மாதிரி தூக்கி இறக்கினார்கள். இடுப்புக்குக் கீழே உணர்ச்சி இல்லை. குழாய் பிடித்தது ரோச்சின் மகன் ரெக்சன்தான். குளியாட்கள் எல்லாருக்கும் இதற்கு ஒரே வைத்தியம் தெரியும். வாயில் குழாயைக் கொடுத்து மறுபடி தாழ இறக்கு, கொஞ்சங்கொஞ்சமாக மேலே எடு. ரோச் வள்ளத்தை நிறுத்தி வைக்கச் சொல்லிவிட்டு, டீசலுக்கு ஆள் அனுப்பப் போனார். அவர் திரும்புவதற்குள் மகள் ஜெப்ஸி புருஷனை ஆட்டோவில் ஏற்றி மிஷன் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்விட்டாள்.

ரோச் கொதித்துக்கொண்டு போய்ச் சேர்ந்தார். ரெக்சன் பின்னாலேயே வந்தான்.

டாக்டர் ஜெமிமாவை ஊருக்கே தெரியும். முத்தையாபுரத்தில் லோடு ஏற்றுகிறவர் மகள். கடலுக்குள் போகிறவனுக்கு வரும் நோவைப் படித்த பெண் டாக்டர் இந்தக் கரையில் இவளுக்கு முன்னால் யாரும் இல்லை. கப்பல்படைக்காரர்கள் நடத்திய படிப்பில் இவள் ஒருத்திதான் பெண்ணாம். படித்து வந்ததும் கடற்கரையில் உட்கார்ந்து, எவ்வளவு ஆழம், எப்படி மேலே வருகிறீர்கள் என்று ஒவ்வொருவனையும் கேட்டாள். ஆட்கள் சிரித்தார்கள். காத்து டாக்டர் என்று பேர் வைத்தார்கள். அந்தப் பேரை வைத்ததே ரோச்தான்.

மெல்வின் கட்டிலில் கிடந்தான். மூக்கையும் வாயையும் மூடி ஆக்சிஜன். ஜெமிமா அவன் கழுத்தடியில் விரலை அழுத்தி அழுத்திப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“ஏளா டாக்டரே, எடு அதை. நாங்க கடலுக்குக் கொண்டுபோறோம்.”

“உக்காருங்க மாமா.”

“உக்கார வரல. பொம்பள டாக்டர்னா பிரசவம் பாக்கணும். இது ஆம்பளைக்கு வாற நோவு.”

“நோவுக்கு அதெல்லாம் தெரியாது மாமா. நீங்க நினைக்கிற வைத்தியம் தப்புன்னு நான் சொல்லல. ரத்தத்துல காத்து குமிழி குமிழியா நிக்கி. மறுபடி அமுக்கத்துல வச்சாத்தான் அது கரையும். அதுக்குத் தண்ணியில்லாத கடல் மாதிரி ஒரு இரும்பு அறை கொச்சியில இருக்கு. நானே உள்ள இருந்து பாத்திருக்கேன். பேசிட்டேன், வரச் சொல்லிட்டாவ.”

“கடல் இங்கன கிடக்கு, நீ கொச்சிக்குப் போவச் சொல்லுத.”

“கடல்ல இறக்கினா இவருக்கு மயக்கம் வந்தா யாரு பாப்பாவ? இன்னொண்ணும் இருக்கு.” அவள் ரோச்சின் விரலைப் பிடித்து மெல்வினின் கழுத்தடியில் வைத்தாள். தோலுக்குக் கீழே கல்லுப்பை மிதித்தது போல நறநறவென்றது. ரோச் கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டார்.

“நெஞ்சுல காத்துப்பை கிழிஞ்சு காத்து இங்க வந்துட்டுன்னு சந்தேகப்படுதேன். படார்னு மேல வந்தாத்தான் இப்படி ஆகும். எப்படி வந்தாரு?”

“படிப்படியா வந்தான். குழாய் பிடிச்சது எம்மவன். மச்சான் பிடிச்ச குழாய்.”

“ரெக்சன்கிட்ட கேக்கேன்.”

“அவனும் அதைத்தான் சொல்லுவான்.”

ரெக்சன் தரையைப் பார்த்தபடி தலையாட்டினான்.

“அப்படின்னா நெஞ்சுப் படம் எடுத்துப் பாத்துக்குறேன்,” என்றாள் ஜெமிமா. “அதுவரை இவரை எங்கயும் கொண்டுபோவ விடமாட்டேன்.”

“நீ யாரு விடுறதுக்கு?” ரோச் வெளியே வந்து வள்ளத்துக்காரனுக்குப் போன் போட்டார். டீசல் வந்துவிட்டது என்றான். வண்டி கொண்டுவரச் சொல்லிவிட்டு அங்கேயே ஒரு பெஞ்சில் உட்கார்ந்தார்.

எதிர்ச்சுவரில் ஒரு பழைய படம். முழுக்கை ரவிக்கை, கழுத்தில் ஸ்டெதஸ்கோப், முறைக்கிற கண். டாக்டர் சேவியரம்மாள், இந்த ஆஸ்பத்திரியின் முதல் பெண் டாக்டர். ரோச்சின் வீட்டில் அந்த அம்மாவுக்கு வேறு பேர், சேலை நனைஞ்ச டாக்டர். வாந்திபேதி வந்த வருஷம், நோயாளிகளோடு தோணிகளைக் கரைக்கு விடாமல் தள்ளி நிறுத்தியிருந்தார்களாம். பொம்பளை கால் பட்டால் தோணி விளங்காது என்று ஒருத்தனும் அவளை ஏற்றவில்லை. மருந்துப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு கழுத்தளவு தண்ணீரில் அவளே நடந்து போனாளாம். ரோச்சின் தாத்தா இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார். பிள்ளைகளும் சிரிப்பார்கள். தோணியில் கிடந்தவர்கள் பிழைத்தார்களா என்று யாரும் கேட்டதில்லை. ரோச்சும் கேட்டதில்லை. இன்றைக்கு என்னவோ அது மனசில் முள்ளாக நின்றது.

வண்டி வந்து நின்றது. ரோச் எழுந்து உள்ளே போனார். “தூக்குலே” என்றார் ரெக்சனிடம்.

ஜெப்ஸி கட்டிலுக்குக் குறுக்கே வந்து நின்றாள். அப்பாவைப் பார்க்கவில்லை. அண்ணனைப் பார்த்தாள். கழுத்திலிருந்த தாலியை வெளியே எடுத்து அவன் கையில் வைத்து விரல்களை மூடினாள்.

“இதைப் பிடிச்சுக்கிட்டு சொல்லுண்ணே. அவுக எப்படி மேல வந்தாவ?”

ரெக்சன் தாலியை விடாமலே சொன்னான். “நான் போனைப் பாத்துட்டு இருந்தேன் ஜெப்ஸி. டீசல் தீர்ந்து கம்ப்ரசர் நின்னுட்டு. கீழ காத்து இல்லைன்னு பயந்து குழாயை இழுத்தேன். ஒரே இழுப்பா இழுத்துட்டேன்.”

ரோச் அவனை அடிக்கத்தான் கையை ஓங்கினார். கை அந்தரத்திலேயே நின்று, பிறகு கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டது. மகன் தப்புச் செய்வான் என்பது அவருக்குப் புதிதில்லை. மச்சான் தப்புச் செய்வான் என்பதுதான் புதிது.

ஜெப்ஸி தாலியை எடுத்து உள்ளே போட்டுக்கொண்டாள். “நீங்க சொல்லுங்கக்கா. என்ன செய்யணுமோ செய்யுங்க.”

படம் எடுத்தார்கள். ஜெமிமா சொன்னது சரி, நெஞ்சுக்கூட்டுக்குள் காற்று நின்றது. விலாவில் துளை போட்டு ஒரு குழாயைச் செருகி, அதன் மறுநுனியைத் தண்ணீர் ஊற்றிய சீசாவுக்குள் விட்டாள். “கடல்ல இறக்கித் தூக்கியிருந்தா, மேல வாற வழியிலேயே நெஞ்சு அடைச்சிருக்கும்,” என்றாள். குத்தலாகச் சொல்லவில்லை. குத்தியிருந்தால் ரோச்சுக்குத் திருப்பிப் பேசத் தோதாக இருந்திருக்கும்.

ஆம்புலன்ஸ் டிரைவர் கொச்சிக்குச் செங்கோட்டை வழி சுருக்கு என்றான். “மலை ஏறப்படாது. உயரம் போனா உடம்புல உள்ள காத்து பெருத்துரும்,” என்றாள் ஜெமிமா. “நாகர்கோவில் வழியா விடுங்க. நானும் வாறேன்.”

ரெக்சன் சீசாவை எடுக்க வந்தான். ஜெப்ஸி, “அவன் வேண்டாம்,” என்றாள். அவன் ஆஸ்பத்திரி வாசலிலேயே நின்றுவிட்டான். ரோச் அவனைத் திரும்பிப் பார்க்கவில்லை. பார்க்க முடியவில்லை என்பதுதான் நிசம்.

“நீங்க பிடிங்க மாமா,” என்று ஜெமிமா சீசாவை அவரிடம் நீட்டினாள். “அவரு நெஞ்சுக்கு மேல தூக்கப்படாது. குழாய் மடங்கப்படாது.”

“நான் மச்சான் இல்லையே.”

“பரவால்ல. மாமனார் போதும்.”

ஏறி உட்கார்ந்து சீசாவைக் கால்களுக்கு நடுவில் வைத்துக்கொண்டார். மெல்வின் மூச்சு விடும்போதெல்லாம் தண்ணீரில் குமிழி வந்தது. அவருக்கு ஆயுசு பூராவும் தெரிந்த காட்சி அது. மேலே இருக்கிறவன் பார்ப்பது குமிழியைத்தான். குமிழி வந்தால் கீழே ஆள் இருக்கிறான்.

“குமிழி நல்லா வருது,” என்றார், கொஞ்சம் தெம்பாக.

ஜெமிமா சீசாவைப் பார்த்தாள். “இதுல வரப்படாது மாமா. கிழிசல் மூடினா குமிழி நின்னுரும். நிக்கணும்னு வேண்டிக்கிடுங்க.”

குமிழி நிற்க வேண்டும் என்று வேண்டிக்கொள்வது எப்படி என்று ரோச்சுக்குத் தெரியவில்லை.

நாகர்கோவிலுக்கு இன்னும் வெகுதூரம் இருந்தது. ஒரு கையால் சீசாவைப் பிடித்துக்கொண்டு உணர்ச்சி வந்துட்டா பாக்கேன், கிள்ளுதேன் என்று சொல்லி, மறு கையால் மருமகனின் கால் கட்டைவிரலை நகம் பதியக் கிள்ளினார். மெல்வின் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு கிடந்தான். “எப்ப மாமா கிள்ளுவிய?” என்று முகமூடிக்குள்ளிருந்து கேட்டான்.

“இனிமேத்தான்லே,” என்றார் ரோச்.

சீசாவுக்குள் குமிழி வந்துகொண்டே இருந்தது.