ராக்கையா வீட்டுக்கு வந்த ஆறு

1904ஆம் வருடம் ஆவணி மாதம் பதினான்காம் தேதி, செவியாறு மலையிறங்கி வந்து, போடிநாயக்கனூர் மேற்குத் தெருவில் பொதிமாட்டுக்கார ராக்கையாவின் வீட்டு வாசலில் நின்றது. முழங்கால் ஆழம், எட்டு முழ அகலம். அக்கம்பக்கத்துச் சுவர் எதிலும் ஈரம் ஏறவில்லை. ராக்கையாவைக் கூட்டிப்போக வந்திருக்கிறது என்று ஊரில் எல்லோருக்கும் தெரியும்.

ஏலமலைக்கு ஏறுகிற பாதையில் அப்போது மூன்று ஆறுகள் குறுக்கே ஓடின. முதலாவது உச்சிவேளை வரை கீழ்நோக்கி ஓடும், பிறகு மேல்நோக்கி ஓடும். நேரம் பார்க்காமல் இறக்கிய மாட்டை மலையுச்சியில் போய்த்தான் பிடித்துவர வேண்டும். இரண்டாவது, நேற்றுக் கடந்தவர்களின் முகங்களை இன்று காட்டும். அதில் தன் முகத்தைக் கண்டவன் இரண்டாம் முறை பார்க்கக் கூடாது. பார்த்தவர்கள் இன்னும் அங்கேயே நின்று பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். மூன்றாவதான செவியாறு பார்வைக்குச் சாது. கரையேறுகிறவனிடம் "என்ன, கெளம்பியாச்சா?" என்று கேட்கும். பதில் சொல்லாதவனுக்கு அதற்கப்புறம் பாதை முடியாது. சொன்னவன் சொல்லை அது மறக்காது.

வில்லங்கம் நம் ஆட்களின் நாக்கில்தான் இருந்தது. கிளம்புகிறவன் 'போறேன்' என்று சொன்னால் அபசகுனம் என்று, 'வர்றேன்' என்று சொல்லியே வளர்ந்த நாக்கு. செவியாற்றிடம் அப்படிச் சொன்னால், தன்னிடமே வந்துவிடப் போகிறான் என்று எடுத்துக்கொள்ளும். ஒன்பதாம் நாள் அதுவே தேடி வரும். அதனால் பொதிமாட்டுக்காரர்கள் நாக்கடியில் ஒரு பச்சை ஏலக்காயை அடக்கிக்கொண்டு ஆற்றில் இறங்குவார்கள். அது உறுத்த உறுத்த, 'போறேன்' என்ற சொல் ஞாபகத்தில் இருக்கும். முந்தைய வருடம் தேவாரம் ஊர்ச் சின்னமுத்து மறந்துபோனான். ஆறு வந்து போன பிறகு, கொடியில் காய்ந்த துண்டு மட்டும் கிடந்தது.

ராக்கையாவுக்கும் அவன் மனைவி சோலையம்மாளுக்கும் ஒன்பது வருடமாகப் பிள்ளையில்லை. ஏலக்காய்ப் பொதியோடு அவன் செவியாற்றின் நடுவில் வந்துகொண்டிருந்தபோது, ஊரிலிருந்து பொதிமாட்டோடு எதிரே வந்த காசிமாயன், "மாப்ளே, ஒனக்குப் பொம்பளப்பிள்ள பொறந்துருக்கு" என்றான். ராக்கையா வாய்கொள்ளாமல் சிரித்தான். ஏலக்காய் தண்ணீரில் விழுந்தது. கரையேறும்போது ஆறு வழக்கம்போலக் கேட்டது. "வர்றேன் ஆத்தா" என்று சொல்லிவிட்டு வீட்டைப் பார்க்க ஓடினான்.

பிள்ளைக்குப் பேச்சி என்று பெயர் வைத்தார்கள். பேச்சால் வந்த வினைக்குப் பொருத்தமான பெயர்தான். பச்சை உடம்போடு படுத்திருந்த சோலையம்மாள் ஆறு வருகிற தூரத்தை நாள்தோறும் விசாரித்தாள். மூன்றாம் நாள் அடிவாரத்தில் ஆடு மேய்க்கிறவர்கள் பார்த்தார்கள். ஐந்தாம் நாள் பொட்டிபுரத்து மச்சினன் வீட்டுக்கு ஓடிப்போன ராக்கையா, அன்றைக்கே திரும்பி வந்தான். அங்கே கிணற்றுக்குள்ளிருந்து "கெளம்பியாச்சா?" என்று கேட்டதாம். எட்டாம் நாள் சந்தைக்குள் வந்தது. கடைக்காரர்கள் மூட்டைகளைத் தூக்கிவைத்து மரியாதையாக வழிவிட்டார்கள். சோலையம்மாளுக்கு ஆற்றின் மேல் வந்ததைவிட அவர்கள் மேல்தான் ஆத்திரம் வந்தது.

ஒன்பதாம் நாள் உச்சிவேளையில் தண்ணீர் வாசற்படியில் ஏறியது. ராக்கையாவின் கால்கள் தானாக எழுந்து நடந்தன. "சொன்ன சொல்லு, சோலை. போகணும்ல" என்றான்.

"ஒக்காருங்க" என்றாள் அவள். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வாசலுக்குப் போய், நிலையை அடைத்து நின்றாள். இவளையும் சேர்த்து இழுத்துக்கொண்டு போனால் கேட்க நாதியில்லை.

"ஆத்தா, எம் புருசன் ஒங்கிட்ட என்ன சொன்னாரு?"

"வர்றேன்னு சொன்னான்" என்றது ஆறு.

"என்னைக்குன்னு சொன்னாரா?"

ஓட்டம் நின்றது. தண்ணீருக்குள் போன மீன்கள் அப்படியே நின்றன. ஆறு தான் கேட்ட சொல்லை முதலிலிருந்து திரும்பத் திரும்பக் கேட்டுப் பார்த்தது. ஒரு உலை கொதிக்கிற நேரம் ஆயிற்று. மறதியில்லாதவர்களால் பொய் சொல்ல முடியாது.

"சொல்லல" என்றது.

"அப்ப, வரவேண்டிய அன்னைக்கு வருவாரு. நானே கொண்டாந்து விடுறேன். பிள்ள தூங்குது, வெரசா கெளம்பு."

ஆறு திரும்பியது. அதன் வால் தெருவை விட்டுப் போகச் சாயங்காலம் ஆனது. அன்றைக்குத்தான் சோலையம்மாள் வாய்விட்டு அழுதாள்.

அதன்பிறகு ஆவணி பதினான்கு தோறும் ஆறு வந்து, "என்னைக்கு?" என்று கேட்டது. "இன்னும் இல்ல" என்று சொல்லி அனுப்பினாள். தெருக்காரர்கள் அன்று மட்டும் மிளகு காயப்போடுவதில்லை. பேச்சி வாசலிலேயே நீந்தப் பழகினாள். ராக்கையா பதினேழு வருடம் அந்த ஆற்றைக் கடந்து பொதியேற்றினான். ஏலக்காயை மட்டும் ஒருபோதும் நாக்கடியிலிருந்து தவறவிடவில்லை.

1921இல் மலைக்காய்ச்சல் அவனைக் கொண்டுபோனது. அஸ்தியைக் கீழே பக்கத்து ஆற்றிலேயே கரைத்துவிடலாம் என்றார்கள் உறவுக்காரர்கள். "சொல்லு சொல்லுதான்" என்று சோலையம்மாள் கலயத்தை எடுத்துக்கொண்டு மலையேறினாள். முதல் ஆற்றை விடிந்ததும் கடந்தாள். இரண்டாவதில் குனிந்தே பார்க்கவில்லை. மூன்றாவதில், நாக்கடியில் ஏலக்காயோடு இடுப்பளவு இறங்கி, "கொண்டாந்துட்டேன்" என்று சொல்லிக் கரைத்தாள். சாம்பல் ஓட்டத்தோடு போகவில்லை. அவளைச் சுற்றி ஒருமுறை வந்துவிட்டு அடியில் போய்ப் படிந்தது.

கரையேறும்போது ஆறு மெதுவாகக் கேட்டது. "என்ன, கெளம்பியாச்சா?"

அவள் ஏலக்காயை வாயிலிருந்து எடுத்து முந்தானையில் முடிந்துகொண்டாள்.

"வர்றேன் ஆத்தா."

ஆறு "என்னைக்கு?" என்று கேட்கவில்லை.

ஒன்பதாம் நாள் அது வரவுமில்லை. அடுத்த ஆவணி பதினான்காம் தேதிதான் வழக்கம்போல வந்து வாசலில் நின்றது. அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்த சோலையம்மாள், சொளகை நகர்த்தி, அது உட்கார இடம் விட்டாள்.