எந்த சைபர்?

பல்கலைக்கழகத்தில் அவரை யாரும் பெயர் சொல்லிக் குறிப்பிடுவதில்லை. "சைபர் மேடம்" என்றால் வாசல் காவலாளிக்குக்கூடத் தெரியும். கடற்கரைப் பொறியியல் துறையில் முப்பத்தோரு வருஷம் பாடம் நடத்தியவர். யார் எந்த உயரத்தைச் சொன்னாலும் முதல் வேலையாக, "எந்த சைபர்லேர்ந்து?" என்று கேட்பார். கேள்வியில் விஷயம் இருக்கிறது. கப்பல்காரர்கள் கடல் எவ்வளவு தாழ இறங்குமோ அந்த மட்டத்தை சைபர் என்று வைத்துக்கொள்வார்கள். நிலத்தில் வீடும் ரோடும் போடுகிறவர்கள் கடலின் சராசரி மட்டத்தை சைபர் என்பார்கள். அந்த ஊரில் இரண்டுக்கும் நடுவே அறுபத்திரண்டு சென்டிமீட்டர் வித்தியாசம். இதைக் குழப்பிக்கொண்ட எத்தனையோ மாணவர்களின் விடைத்தாளை அவர் கிழிக்காத குறையாகத் திருப்பிக் கொடுத்திருக்கிறார். "மேடம், மணி ஒண்ணாச்சு, பசிக்குது" என்று சொன்ன ஒருவனிடமும் எந்த சைபரிலிருந்து என்று கேட்டதாக ஒரு கதை உண்டு. கட்டுக்கதைதான். ஆனால் கேட்டவர்கள் யாரும் சந்தேகப்பட்டதில்லை.

ஓய்வு பெற மூன்று வாரம் இருந்தபோது துறைமுக ஆணையத்திலிருந்து ஒரு கடிதம் வந்தது. கடற்கரைச் சுவருக்குப் பின்னால் கிடக்கும் காலி நிலத்தில் குழந்தைகள் ஆஸ்பத்திரி கட்டப் போகிறார்கள். சுவர் அவர் வடிவமைத்தது. ஊரில் அதற்கே "மேடம் சுவர்" என்றுதான் பெயர். "இருபத்தெட்டு வருஷத்துக்கு முன் நான் அளித்த சான்று இன்றும் செல்லும்" என்று அவர் ஒரே ஒரு வரி எழுதித் தரவேண்டும். அதன் கீழே கையெழுத்து. அடிக்கல் நாட்டும் அன்றைக்கே சுவரில் அவர் பெயர் பொறித்த கல்லையும் திறப்பதாகக் கடிதத்தின் கடைசிப் பத்தி சொன்னது.

வேறு யாராக இருந்தாலும் பேனாவை எடுத்திருப்பார்கள். இவர் பழைய களக்குறிப்பு நோட்டை எடுத்தார். அலமாரியின் அடித்தட்டில், தூசிக்கு இரண்டு தும்மல் போட்டபின் கிடைத்தது. தன்னுடைய இளவயதுக் கையெழுத்தைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே பக்கங்களைப் புரட்டினார். பதினேழாவது பக்கத்தில் சிரிப்பு நின்றது.

அலையின் உயரம், புயல் ஏற்றம், சுவர் எட்ட வேண்டிய உயரம் எல்லாவற்றையும் நிலத்து சைபரில் ஒழுங்காகக் கணக்குப் போட்டிருந்தார். ஆனால் சுவரை அளக்கத் தொடங்கிய இடம் துறைமுகப் படிக்கட்டிலிருந்த பித்தளைக் குறி. அந்தக் குறியின் உயரத்தை அவர் எழுதியெடுத்தது கப்பல்காரர்களின் வரைபடத்திலிருந்து. அவர்களுடைய சைபர். "எந்த சைபர்?" என்று அன்று அவரை யாரும் கேட்கவில்லை. அந்தக் கேள்வியை அவரே கேட்கத் தொடங்கியது சுவர் எழும்பி இரண்டு வருஷம் கழித்துத்தான். ஊரையெல்லாம் கேட்டவர், தன் நோட்டைத் திருப்பிப் பார்த்துக் கேட்கவேயில்லை.

அவமானத்தில் காது மடல் சுட்டது. பிறகு கோபம் வந்தது. தன் மேல்தான்.

மறுநாள் காலை ஆய்வுக்கூட உதவியாளரை அழைத்துக்கொண்டு கடற்கரைக்குப் போனார். அந்த உதவியாளருக்குத் துறையில் "மட்டம்" என்று பட்டப்பெயர். மட்டம் பார்க்கும் கருவியைக் கையாளுவதில் மன்னன், ஆனால் முப்பது வருஷத்தில் ஒருநாள்கூட வேலைக்கு மட்டம் போட்டதில்லை. முக்காலியை நட்டு, அளவுகோலைப் படிக்கட்டுக் குறியில் ஒருமுறை, சுவரின் உச்சியில் ஒருமுறை, நிலத்து சைபர் குறித்த நில அளவைத் துறையின் கல்லில் ஒருமுறை நிறுத்திப் படித்தார்கள். பிறகு எல்லாவற்றையும் திரும்பத் திரும்பப் படித்தார்கள்.

"எவ்வளவு வருது?" என்று கேட்டார் மேடம்.

மட்டம் நோட்டிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "அறுபத்திரண்டு, மேடம். குட்டை."

"இன்னொரு தடவை பார்ப்போமா?"

"நாலு தடவை பார்த்தாச்சு. சுவர் வளரப்போறதில்ல."

அந்தச் சுவர் இத்தனை நாள் தாக்குப்பிடித்ததில் அதன் சாமர்த்தியம் ஒன்றுமில்லை. பெரிய புயல் இரண்டு வந்தன; இரண்டும் கடல் இறங்கியிருந்த வேளையில் வந்தன. வெறும் அதிர்ஷ்டம். மேடம் நாடு நாடாகப் போய்க் கடல் ஏறுகிறது, ஏறுகிறது என்று தொண்டை வறளச் சொல்லி வந்தவர். இருபத்தெட்டு வருஷத்தில் அந்தக் கரையில் கடல் ஏறியது பதினோரு சென்டிமீட்டர். அவர் ஒரே மத்தியானத்தில் சுவரை அறுபத்திரண்டு சென்டிமீட்டர் இறக்கி வைத்திருந்தார்.

துறைமுக ஆணையத் தலைவர் அவருடைய பழைய மாணவர். கடைசி வரிசை, வகுப்புக்குப் பாதி நாள் மட்டம். இப்போது ஜன்னலுக்கு வெளியே கப்பல்கள் தெரியும் அறையில் உட்கார்ந்திருந்தார். மேடம் நோட்டை விரித்துக் காட்டியதும் எழுந்து கதவைச் சாத்தினார். விஷயம் புரிந்துவிட்டது என்பதற்கு அதுவே அடையாளம்.

"மேடம், நூறு வருஷத்துக்கு ஒரு தடவை வர்ற அலைக்குத்தானே கட்டினீங்க? அது பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னாடியே வந்துட்டுப் போயிடுச்சு. இன்னும் எண்பத்தெட்டு வருஷம் இருக்கே."

"அதுக்கு அப்படி அர்த்தம் இல்லப்பா. ஒவ்வொரு வருஷமும் நூத்துல ஒரு வாய்ப்புன்னு அர்த்தம். அடுத்த மாசமும் வரலாம். அன்னிக்கும் நீ கிளாஸுக்கு வரல போல."

தலைவர் சிரித்து வைத்தார். பிறகு நாற்காலியைக் கிட்டே இழுத்துப் போட்டுக்கொண்டு குரலைத் தாழ்த்தினார். "இப்போதைக்குக் கையெழுத்துப் போட்டுடுங்க. ஆஸ்பத்திரி எழும்பட்டும். பத்து வருஷம் கழிச்சு, பருவநிலை மாறிடுச்சு, கடல் ஏறிடுச்சு, சுவரை உயர்த்தணும்னு நாங்களே அறிக்கை விடறோம். யாரு கேக்கப்போறா? உங்க பேரும் தப்பிக்கும். நீங்க சொல்றதுதானே மேடம் அது, கடல் ஏறுதுன்னு?"

இத்தனை வருஷம் ஒவ்வொரு மில்லிமீட்டருக்கும் சண்டை போட்டு மேடம் சேர்த்த எண்கள் அவை. பொய் என்றவர்களிடம், மிகைப்படுத்துகிறாய் என்றவர்களிடம், படகில் வாந்தி எடுத்துக்கொண்டே அளந்து காட்டிய எண்கள். அவற்றின் முதுகுக்குப் பின்னால் தன் தப்பை ஒளித்து வைக்கச் சொல்கிறான்.

"கடல் பண்ணாத தப்பைக் கடல் தலையில கட்ட மாட்டேன்," என்றார். "அது ஏறினது பதினொண்ணு. மிச்சம் என்னோடது. என் கையெழுத்தைத் திரும்ப வாங்கிக்கறேன்."

"ஏன் மேடம் உங்களை நீங்களே மட்டம் தட்டிக்கறீங்க?"

"மட்டம் தட்டலப்பா. மட்டம் எடுத்திருக்கேன்."

பழைய சான்றைத் திரும்பப் பெறுவதாக எழுதி வந்த கடிதத்தை மேஜையில் வைத்துவிட்டு வந்தார். மூன்று நாள் கழித்து வந்த பதில் இரண்டு வரி: தங்கள் கடிதம் பரிசீலனையில் உள்ளது, பழைய சான்று நடைமுறையில் தொடர்கிறது. பூசி மெழுகுவதில் அந்த அலுவலகத்துக்கு நல்ல பயிற்சி.

இதைவிடக் கஷ்டம் வீட்டில் இருந்தது. அவருடைய மகள் குழந்தை மருத்துவர். பழைய ஆஸ்பத்திரியில் சூடு காக்கும் ஒரே பெட்டியில் இரண்டு குறைமாதக் குழந்தைகளைப் படுக்க வைத்துப் பார்த்துக்கொண்டிருப்பவள். புது ஆஸ்பத்திரிக்காக ஆறு வருஷம் படி ஏறி இறங்கியிருக்கிறாள். மேடம் சொல்லி முடிக்கும்வரை கைப்பையைத் தோளிலிருந்து இறக்காமல் நின்றாள்.

"எத்தனை வருஷமா அந்தச் சுவர் நிக்குது?"

"அது நிக்கறது அதிர்ஷ்டத்துலடி."

"எங்க வார்டும் அதிர்ஷ்டத்துலதான் ஓடுது! போன மாசம் பெட்டி இல்லாம ரெண்டு குழந்தைங்களைத் திருப்பி அனுப்பினேன். ஒண்ணு வழியிலேயே போயிடுச்சு. உன் அலை எப்பவோ வரும். என் குழந்தைங்க தினமும் வருதும்மா."

"மேட்டுப் பக்கம் இடம் இருக்கு. அங்க கட்டச் சொல்லு."

"இன்னும் ஆறு வருஷம் நடக்கணும் அதுக்கு. நீ உன் மனசைக் கழுவிக்கறதுக்கு என் ஆஸ்பத்திரிதான் கிடைச்சுதா?"

மகள் சொன்னதில் தப்பு எதுவும் இல்லை என்பதுதான் மேடத்துக்கு வலித்தது. அவருடைய கணவர், ஓய்வுபெற்ற பல் டாக்டர், காபி டம்ளரோடு எட்டிப் பார்த்தார். "சொத்தைப் பல்லுக்கு மேல தங்கத்தொப்பி போட்டா ஒருநாள் ரெண்டும் சேர்ந்து விழும்," என்றார் பொதுவாக. இரண்டு பேரும் அவரை முறைத்தார்கள். அவர் டம்ளரோடு உள்ளே போய்விட்டார். மகள் அன்றிலிருந்து ஒன்பது நாள் அம்மாவோடு பேசவில்லை. சாப்பாட்டு மேஜையில் உப்பு வேண்டுமென்றால்கூட அப்பா வழியாகத்தான் கேட்டாள்.

அடிக்கல் நாளன்று சுவரோரம் பந்தல் போட்டிருந்தார்கள். முந்நூறு நாற்காலி. மேடம் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு போனார்; கையில் ஒரு துணிப்பை. தலைவர் முகத்தில் நிம்மதி. கிழவி மனம் மாறி வந்துவிட்டாள் என்று நினைத்திருக்க வேண்டும். திரையை விலக்கினார்கள். கறுப்புக் கல்லில் தங்க எழுத்தில் அவர் பெயரும் பட்டங்களும். கைத்தட்டல் முடிந்ததும் பேச அழைத்தார்கள். அவர் ஒலிபெருக்கிப் பக்கம் போகவில்லை. கல்லுக்குப் போனார். பையிலிருந்து சிவப்பு பெயிண்ட் டப்பாவையும் தூரிகையையும் எடுத்து, கரும்பலகையில் எழுதிப் பழகிய அதே பெரிய கையெழுத்தில் தன் பெயருக்கு நேர் கீழே எழுதினார்:

62 செ.மீ. குட்டை. தவறு என்னுடையது. பின்னால் கட்டாதீர்கள்.

பிறகுதான் திரும்பி உரக்கச் சொன்னார். "இந்தச் சுவரை நம்பி எதுவும் கட்டக்கூடாது. நான் தப்பா கட்டிட்டேன். கடிதம் எழுதினேன், பரிசீலிக்கறாங்களாம். கல்லுல எழுதினா எல்லாரும் பரிசீலிக்கலாம்."

தலைவர் ஓடி வந்தார். "மேடம், உங்க வாழ்நாள் பேரையே கெடுத்துக்கறீங்க!"

"பேர் என்னோடதுதானே. நான் கெடுத்துக்கறேன்."

அன்று மாலைக்குள் துடைத்துவிட்டார்கள். மறுநாள் காலை அவர் மறுபடி எழுதினார். அன்றும் துடைத்தார்கள், அதற்கடுத்த நாளும் எழுதினார். காவலுக்குப் போட்ட ஆள் இன்னொரு பழைய மாணவனின் தம்பி. அவன் தடுக்கவில்லை, எழுத்து காயும்வரை வேறு பக்கம் பார்த்துக்கொண்டு நின்றான். செய்தித்தாளில் "பேராசிரியருக்கு மூளைக் கலக்கமா?" என்று ஒன்று வந்தது. அவர் அதைக் கத்தரித்து, தேதி போட்டு, களக்குறிப்பு நோட்டில் ஒட்டிக்கொண்டார்.

ஐந்தாம் நாள். கல்லில் சிவப்பு நன்றாகவே மங்கியிருந்தது, சோப்பு வாடை. அவர் புடவைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு டப்பாவைத் திறக்கும்போது, பின்னால் செருப்புச் சத்தம். மகள். ஆஸ்பத்திரி வெள்ளைக் கோட்டைக்கூடக் கழற்றவில்லை. வந்ததும் வணக்கமில்லை, சமாதானமில்லை.

"சுவர் தாண்டி வந்தா, தரைத்தளத்துல தண்ணி எவ்வளவு நிக்கும்?"

மேடத்தின் வாய் தானாகத் திறந்தது. "எந்த சைபர்..." என்று தொடங்கி நிறுத்திக்கொண்டார்.

"வார்டு தரையிலேர்ந்தும்மா. என் காலடியிலேர்ந்து."

"ஒரு மீட்டர் பத்து. மின்சாரம் அதுக்கு முன்னாடியே போயிடும்."

மகள் கோட்டுப் பையிலிருந்து ஒரு அளவு நாடாவை எடுத்துக் காட்டினாள். "இன்னிக்கு வார்டுல அளந்தேன். குழந்தைங்க படுத்திருக்கற பெட்டி தரையிலேர்ந்து தொண்ணூறு சென்டிமீட்டர்."

இருபது சென்டிமீட்டர். இருவருக்கும் கழிக்கத் தெரியும், இருவரும் சொல்லவில்லை.

"வார்டு வரைபடத்துல என் கையெழுத்து இல்லாம அடித்தளம் தோண்ட முடியாது," என்றாள் மகள். "போட மாட்டேன்னு எழுதிக் கொடுத்துட்டு வரேன். மேட்டு நிலத்துக்கு மனுவும் கொடுத்தாச்சு. இன்னும் ஆறு வருஷம்னாலும் நடக்கறேன். உன் மேல கோபம் மட்டும் போகல."

"போக வேணாம். நியாயமான கோபம்தான்."

மேடம் தூரிகையை டப்பாவில் முக்கினார். மகள் அவர் மணிக்கட்டைப் பிடித்துத் தடுத்தாள்.

"அதை வை. அது தண்ணிப் பெயிண்ட், துடைச்சா போயிடும்." தன் பையிலிருந்து ஒரு கனமான டப்பாவை எடுத்துச் சுவர்மேல் வைத்தாள். "இது எங்க ஆஸ்பத்திரித் தரையில கோடு போடறது. தினமும் மூணு வேளை மருந்து ஊத்திக் கழுவறோம். பதினஞ்சு வருஷமா அசையல."

மூடியைத் திறந்து அம்மாவிடம் நீட்டினாள்.

"எழுத்தைக் கொஞ்சம் பெரிசா போடு. ரோட்டிலேர்ந்து படிக்கணும்."