அழுக்குக் கவாத்து

ஒக்கோ வீபென் தன் வாழ்நாளில் முதல்முறையாகக் கப்பல் தளத்தில் எச்சில் துப்பினார். துப்பிய மறு நொடியே கைக்குட்டையை எடுத்துக் குனிந்து அதைத் துடைத்தும் விட்டார்.

மேலே நின்று பார்த்துக்கொண்டிருந்த கேப்டன் லூட்டர்ஸ் தலையில் கை வைத்துக்கொண்டார்.

"யோவ் ஒக்கோ, துப்பத்தானே சொன்னேன். துடைக்க யாருய்யா சொன்னது?"

"கை தானா போயிடுச்சு, ஐயா."

"அந்தக் கைதான் நம்ம எல்லாரையும் கொல்லப் போவுது, பாத்துக்க."

கேப்டன் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. 1917 ஜனவரி. கப்பல் ஜெர்மன் பேரரசர் கைசரின் கடற்படைக் கப்பல். ஆனால் விலாவில் வெள்ளை எழுத்தில் 'தூருன், பெர்கன்' என்று பொய்ப்பெயரும் ஊரும் எழுதியிருந்தது. கொடிமரத்தில் போரில் சேராத நார்வேயின் கொடி. தளம் முழுக்க மரக்கட்டை அடுக்கு, அடுக்குக்குக் கீழே பீரங்கிகள். அட்லாண்டிக்குக்குள் நுழைந்துவிட்டால் எதிரியின் சரக்குக் கப்பல்களை வேட்டையாடலாம். ஆனால் அதற்கு முன் வடகடலில் காவல் நிற்கும் ஆங்கிலேயன் நிறுத்துவான், ஏறி வந்து பார்ப்பான். நார்வேக்காரக் கட்டை வியாபாரம் என்று நம்பினால் வழி விடுவான். சந்தேகம் வந்தால், கேப்டன் சட்டைப்பையிலிருந்து விசிலை எடுத்து ஊதுவார். அடித்தளத்தில் ஒருவன் வெடிமருந்துத் திரியோடு காத்திருந்தான். கப்பல் எதிரி கையில் சிக்கக் கூடாது என்பது மேலிடத்து உத்தரவு. சிக்காமல் போகும்போது கூடவே எல்லோரும் போக வேண்டியதுதான்.

கொடி கிடைத்தது. நார்வே மீன் டப்பாக்கள் கிடைத்தன. நாடே பஞ்சத்தில் டர்னிப் கிழங்கைத் தின்றுகொண்டிருந்த அந்தக் குளிர்காலத்தில், வருகிற அதிகாரிக்குக் கொடுக்க நிஜக் காப்பிக்கொட்டைகூடக் கிடைத்தது. அதன் வாசனையை மோந்து பார்க்க மட்டும் மாலுமிகளுக்கு அனுமதி.

கிடைக்காதது ஒன்றுதான். அழுக்கு.

நார்வே சரக்குக் கப்பல் மாலுமி எப்படி இருப்பான்? சவரம் செய்யாமல், சட்டையைப் பாதி செருகி, போகிற வழியில் கயிற்றைப் போட்டுவிட்டு இருப்பான். இவர்களோ கயிற்றைப் பார்த்தால் வட்டமாகச் சுருட்டாமல் தாண்ட மாட்டார்கள். நாலு பேர் சேர்ந்து நடந்தால் கால் தானாக ஒன்றாக விழும். இவர்களை உருப்படாதவர்களாக ஆக்கும் பொறுப்பைக் கேப்டன் யாரிடம் கொடுத்தார் என்றால், வில்ஹெல்ம்ஸ்ஹாஃபன் துறைமுகத்திலேயே மிகக் கண்டிப்பான மாலுமி மேஸ்திரி என்று பெயரெடுத்த ஒக்கோவிடம்.

ஒக்கோவுக்குத் தெரிந்த வழி ஒன்றுதான். கவாத்து.

"எல்லாரும் வரிசையில நில்லுங்க," என்றார் முதல் நாள் காலையில். "இப்ப அலங்கோலமா நிக்கக் கத்துக்கப் போறோம். நான் செய்யறத அப்படியே செய்யணும். யோசிக்கக் கூடாது. ஒண்ணு, தோளத் தொங்கப் போடு. ரெண்டு, வாயத் தொற. மூணு, மூக்குல வெரலு."

கொதிகலனில் கரி அள்ளும் ஃபிட்டே என்பவன் மட்டும் வாயைத் திறந்தபடியே கேட்டான்.

"மேஸ்திரி, வலது வெரலா, எடது வெரலா?"

"வலது."

அத்தனை வலது விரல்களும் ஒரே சமயத்தில் அத்தனை மூக்குகளுக்குள் போயின. ஒக்கோவுக்குக் கண் கலங்கிவிட்டது. அவ்வளவு நேர்த்தி.

"சட்டையில மூணாவது பொத்தானப் பிச்சிப் போடுங்க. தொவைச்ச துணியக் கன்னாபின்னான்னு காயப்போடுங்க."

போட்டார்கள். ஒரு காலுறை, ஒரு சட்டை, ஒரு காலுறை, ஒரு சட்டை. கயிறு முழுக்க, இம்மி பிசகாமல்.

கேப்டன் வந்து பார்த்துவிட்டு, மறுபடியும் தலையில் கை வைத்துக்கொண்டே தன் அறைக்குப் போனார்.

சில நாள் கழித்து, காலைப் பனிமூட்டம் விலகியபோது ஆங்கிலேயப் போர்க்கப்பல் கண்ணெதிரே நின்றது. 'நில்' என்று கொடி காட்டியது. கேப்டன் கிழிந்த கம்பளிச் சட்டைக்கு மாறினார். ஒக்கோ பல்லைக் கடித்துக்கொண்டு தானே இரண்டு மீன்தலைகளைத் தளத்தில் எறிந்தார். எறிந்த இடத்தைப் பார்க்காமல் இருக்க வானத்தைப் பார்த்தார்.

படகில் வந்து ஏணியில் ஏறியவர் லெப்டினன்ட் பெல்லமி. இளவயது, சிவந்த மூக்கு, குளிரில் கிடுகிடுவென்று நடுக்கம். கேப்டன் நார்வேக்காரன் பாணியில் ஆங்கிலத்தை இழுத்து இழுத்துப் பேசி, அவரை அறைக்குள் கூட்டிப்போய்த் தன் கட்டிலில் உட்கார வைத்தார். தன் போர்வையைத் தோளில் போர்த்திவிட்டு, கையில் காப்பியைக் கொடுத்தார். பெல்லமி சரக்குக் காகிதங்களை மேலோட்டமாகப் பார்த்தார். காப்பியை ஆழமாகப் பார்த்தார். இரண்டாவது கோப்பையும் கேட்டு வாங்கிக் குடித்தார்.

வாசலில் நின்ற ஒக்கோவுக்குத் துறைமுகங்களில் பொறுக்கிய ஆங்கிலம் கொஞ்சம் தெரியும். எல்லாம் நன்றாகப் போகிறது என்று புரிந்தது.

வெளியே வந்த பெல்லமி, தளத்தில் அங்கங்கே சாய்ந்து நின்ற மாலுமிகளைப் பார்த்தார். புருவம் சுருங்கியது.

"கேப்டன், ஒண்ணு கேக்கலாமா? உங்க ஆளுங்க எல்லாருக்குமே மூணாவது பொத்தான் மட்டும் இல்லியே, அது ஏன்?"

கேப்டனின் கை மெல்லச் சட்டைப்பைப் பக்கம் போனது. போன கை, மோவாய்க்கு வந்து தாடியைத் தடவியது.

"அத ஏன் கேக்கறீங்க. எம் மச்சினன் சட்டக் கடை வெச்சிருக்கான். மொத்தமா எடுத்தா சல்லிசுன்னான். எடுத்துத் தொலைச்சேன். எல்லாச் சட்டையிலயும் அதே பொத்தான் விழுது. நூலு பத்தலன்னு இப்ப சொல்றான், களவாணி."

பெல்லமி ஒரு கணம் அவரையே பார்த்தார். பிறகு சிரித்துவிட்டார்.

"எனக்கும் ஒரு மச்சினன் இருக்கான்."

ஒக்கோவுக்கு மூச்சு வந்தது. பெல்லமி ஏணியருகே போனார். இறங்கும் முன் காப்பி குடித்த நன்றிக்காகவோ என்னவோ, திரும்பி, கேப்டனைப் பார்த்து விறைப்பாக ஒரு சல்யூட் அடித்தார்.

அங்கேதான் வினை வந்தது. சரக்குக் கப்பல்காரன் சல்யூட்டைக் கண்டால் பல்லைக் காட்டுவான், கையாட்டுவான், அவ்வளவுதான். ஆனால் ஒக்கோவின் முழங்கை மடங்கியது. இருபது வருடப் பழக்கம். கை காதோரம் ஏறிக்கொண்டிருந்தது. ஓரக்கண்ணால் பார்த்தார். மேஸ்திரியைப் பார்த்து அத்தனை பேரின் கையும் ஏறிக்கொண்டிருந்தது. கேப்டனின் கை மட்டும் சட்டைப்பைக்குள் போய் விசிலைப் பிடித்துவிட்டது.

தொப்பி விளிம்பைத் தொடும் இடத்தில் ஒக்கோவின் கை நின்றது. பிறகு தொப்பிக்குள் நுழைந்தது. சொறிந்தது. கரகரவென்று, வெறி பிடித்தாற்போலச் சொறிந்தது.

நான் செய்வதை அப்படியே செய், யோசிக்காதே என்பதுதான் கவாத்து. கப்பல் முழுக்கத் தலை சொறிந்தது. ஒக்கோ அக்குளுக்கு மாறினார். அத்தனை பேரும் அக்குளுக்கு மாறினார்கள். ஒக்கோ முதுகைக் கொடிமரத்தில் தேய்த்தார். கொடிமரம் கிடைக்காதவர்கள் ஒருவர் முதுகில் ஒருவர் தேய்த்துக்கொண்டார்கள்.

பெல்லமியின் முகத்தில் சந்தேகம் எழவே இல்லை. வேறு ஏதோ எழுந்தது. தன் தோளை மெதுவாகத் தொட்டுப் பார்த்தார்.

"கேப்டன், அந்தப் போர்வை, அது உங்களோடதுதானே?"

"எங்க எல்லாரோடதும்தாங்க," என்றார் கேப்டன், விசிலை விட்டுவிட்டு. "குளிரு பாருங்க, மாத்தி மாத்திப் போத்திக்குவோம். உங்களுக்கு வேணும்னா எடுத்துக்கிட்டுப் போங்களேன்."

பெல்லமி ஏணியில் இறங்கினார் என்று சொல்ல முடியாது. விழுந்தார் என்றுதான் சொல்ல வேண்டும். படகில் உட்கார்ந்ததும் அவரும் பிடரியைச் சொறிய ஆரம்பித்தார். துடுப்புப் போட்டவர்கள் முடிந்தவரை தள்ளி உட்கார்ந்தார்கள். சற்று நேரத்தில் போர்க்கப்பலில் 'போகலாம், பயணம் நலமாகட்டும்' என்று கொடி ஏறியது.

அது பனிக்குள் மறையும்வரை கேப்டன் காத்திருந்தார்.

"போயிட்டான்யா. போதும் ஒக்கோ."

ஒக்கோ நிறுத்தினார். பின்னால் கரகர சத்தம் மட்டும் நிற்கவில்லை.

"இவனுங்க ஏன்யா இன்னும் சொறியறானுங்க?"

"இன்னும் உத்தரவு வரலியே, ஐயா."

"மேஸ்திரி," என்று ஃபிட்டே முனகினான், "தோலு பிய்யுது. சட்டுனு ஒரு வார்த்த சொல்லித் தொலைங்க."

ஒக்கோ வாயைத் திறந்தார். அப்போது கண்ணில் பட்டது தளம். மீன்தலைகள். பெல்லமியின் ஈரப் பூட்ஸ் தடம். மீன் ரத்தக் கறை.

"மொதல்ல தளத்தத் தொடைங்க," என்றார். "அப்புறம் நிறுத்தலாம்."

ஒரு கையால் சொறிந்துகொண்டே மறு கையால் துடைத்தார்கள். வரிசையாக, இடமிருந்து வலமாக, அத்தனை பேரும் ஒரே தாளத்தில்.