எந்த வயலெட்

பெல்கேர்ன் மாளிகையின் கதையைச் சொல்லிச் சொல்லி எனக்கு வாய் வலித்துவிட்டது. தங்கச் சுரங்க முதலாளி ஒருவர் பார்க்டவுன் மேட்டில் கட்டியது, கப்பலில் வந்து இறங்கிய தேக்குப் படிக்கட்டு, கவர்னர் ஆடிய நடனக்கூடம், எல்லாம் தூக்கத்தில்கூட வரும். சுற்றிப் பார்க்க வந்தவர்கள் கொட்டாவி விடுகிற நேரம் பார்த்து வயலெட்டைக் கொண்டுவருவேன். மூன்று தலைமுறைக்குச் சமைத்துத் துவைத்து, கொல்லைப்புற அறையிலேயே கண்ணை மூடிய விசுவாசமான வேலைக்காரி. அவளுடைய வெள்ளை ஏப்ரன் அங்கே ஆணியில் தொங்குகிறது. மார்பில் நீல நூலால் பெயர் பின்னியிருக்கும். அதைப் பார்த்து யாராவது ஒருத்தர் மூக்கை உறிஞ்சுவார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை கடைசிக் கூட்டத்தோடு ஒரு கிழவி வந்தாள். கையில் முள்மரக் கிளை. நாங்கள் ஸூலுக்கள், அந்தக் கிளையைப் பார்த்தாலே எங்களுக்குத் தெரியும்: வெளியூரில் செத்த ஆளின் ஆவியை வீட்டுக்கு அழைத்துப்போக வந்திருக்கிறாள். மற்றவர்கள் போகும்வரை அவள் காத்திருந்தாள்.

"எந்த வயலெட்டச் சொன்ன, சிஸி?" என்றாள். சிஸி என்றால் எங்களுக்குச் சகோதரி.

"இருந்ததே ஒருத்திதான், மா."

"நல்லாச் சொன்ன போ. எங்கம்மா பேரு ஜபுலிலே. வேலைக்கு வந்த அன்னிக்கே, உன் பேரு வாயில நுழையல, ஏப்ரன்லதான் ஒரு பேரு இருக்கே, அதையே வச்சுக்கன்னுட்டா துரைசானி. முன்னாடி இருந்தவளும் வயலெட்டு, பின்னாடி வந்தவளும் வயலெட்டு. ஏப்ரன் மாறல, ஆளுதான் மாறுச்சு."

எனக்கு எரிச்சலாக வந்தது. அவள்மேல் இல்லை. மூன்று தலைமுறைக்கு ஒரே பெண் எப்படி உழைத்திருப்பாள் என்று ஒரு நாளாவது யோசித்தேனா?

கொல்லைப்புற அறையில் இப்போது டீயும் கேக்கும் விற்கிறார்கள். நாற்காலிகளை ஒதுக்கிக் கொடுத்தேன். தன் பேர் மா தூபே என்றாள் கிழவி. தாய் செத்தபோது சின்னப் பெண்ணாம், வந்து அழைத்துப்போக ஆள் இல்லை. இப்போது தூங்கினாலே, கனவில் அம்மா மூட்டையோடு ரோட்டோரம் நிற்கிறாளாம். அவளைச் சொந்த ஊரான நொங்கோமாவில் சேர்த்துவிட்டுத்தான் நான் சாவேன் என்றாள்.

கிளையைத் தரையில் தொட்டு, "ஜபுலிலே, வாம்மா" என்று கூப்பிட்டாள். திரும்பவும் கூப்பிட்டாள். பிறகு அப்படியே நாற்காலியில் சரிந்து உட்கார்ந்தாள்.

"வரல. வந்து ஏறியிருந்தா கிளை கனக்கும், கை கனக்கவே இல்ல. லீவுக்கு ஊருக்கு வர்றப்பவே ஜபுலிலேன்னா திரும்ப மாட்டா. அது யாரையோ கூப்பிடுறாங்கன்னு இருப்பா."

"அப்ப வயலெட்டுன்னே கூப்பிடுங்களேன்."

"கூப்பிட்டா எந்த வயலெட்டு வருவா?"

எனக்குச் சிரிப்பு வந்தது. பாதியிலேயே வாயைப் பொத்திக்கொண்டேன்.

மா தூபே ஆணியில் தொங்கிய அந்த ஏப்ரனைப் பார்த்தாள். பிறகு முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள்.

"வயலெட்டு, எல்லாரும் கெளம்புங்கடி. கொடியில கெடக்குற துணி கெடக்கட்டும். வேலை முடிஞ்சுபோச்சு."

கிளையை எடுத்தபோது அவள் கை தாழ்ந்ததை நான் பார்த்தேன். அதற்குப் பிறகு அவள் உயிரோடிருக்கிறவர்களிடம் பேசக் கூடாது. என்னைத் திரும்பியும் பார்க்கவில்லை. "படி இருக்கு, பாத்து," "இப்ப ரோட்டத் தாண்டுறோம்" என்று பின்னால் வருகிறவர்களிடம் சொல்லிக்கொண்டே நடந்தாள். வழியில் அவளுக்காகப் பேச ஒரு ஆள் வேண்டுமே என்று நானும் கூடப் போனேன்.

வேன் டாக்சிக்காரன் ஜன்னலிலிருந்து கிளையைப் பார்த்தான். பாட்டை நிறுத்தினான். ஆவிக்கும் இருக்கை விட வேண்டும் என்பது அவனுக்குத் தெரியும்.

"அவங்க எத்தனை பேரு, சிஸி?" என்று மெதுவாகக் கேட்டான்.

அத்தனை வருஷம் அந்த வீட்டின் கதையைச் சொன்னவள் நான்.

"தெரியல தம்பி," என்றேன். "கதவ மூடாத. இன்னும் ஏறிக்கிட்டு இருக்காங்க."