மூன்றாம் கேள்வி

ஹாசிமின் த்ரீவீலில் ஏறி கண்டக்குழி மணல் பாதையால் போனால் உடம்பில் எத்தனை எலும்பு இருக்கிறதென்று எண்ணிவிடலாம். அந்த வண்டியின் பின் ஆசனத்தில், ஏழாம் மாதத்திலேயே, சுதர்சனாவின் பிள்ளை பிறந்துவிட்டது. அவள் புருசன் தவச்செல்வன் கடலில். பிள்ளையை ஏந்துவதற்கு அங்கே இருந்தவை பக்கத்து வளவு ஸுலைஹாவின் கைகள் மட்டுந்தான்.

ஸுலைஹா மருத்துவிச்சி அல்ல, கருவாடு காயப்போடுகிறவள். அவளும் சுதர்சனாவும் ஒரே பாயில் மீன் பரப்பி, ஒரே காகங்களைத் திட்டிப் பழகியவர்கள். சுதர்சனா வன்னியிலிருந்து சண்டைக் காலத்தில் வந்த கத்தோலிக்க வேதக்காரக் குடும்பத்தின் மருமகள். ஸுலைஹா பள்ளிவாசல்துறையில் பிறந்த முஸ்லிம், சுதர்சனா ராத்தா என்று கூப்பிடுகிற அக்கா. நோன்புக் கஞ்சி வேலிக்கு அங்கால் போகும், நத்தார்ப் பலகாரம் இங்கால் வரும். அதற்கு மேல் மதம் அவர்களுக்கு நடுவே வந்து உட்கார்ந்ததில்லை. அன்றைக்கு வந்து உட்கார்ந்தது.

பிள்ளை அழவில்லை. ஸுலைஹாவின் உள்ளங்கையில் கிடந்து வாயை மட்டும் திறந்து திறந்து மூடியது. அது பிழைக்காது என்று இரண்டு பெண்களுக்கும் தெரிந்துவிட்டது.

"ராத்தா, போத்தலில தண்ணி இருக்குத்தானே? அவன்ர தலையில ஊத்துங்கோ. ஊத்திக்கொண்டு நான் சொல்லுறதைச் சொல்லுங்கோ. எனக்கு எழும்பேலாமக் கிடக்கு. கெதியா, ராத்தா!"

வேதக்காரர் வீட்டுப் பெண்பிள்ளைகள் சிறு வயதிலேயே படித்துவைத்திருக்கும் காரியம் அது. சாகக் கிடக்கிற பிள்ளைக்கு யாரும் ஞானஸ்நானம் கொடுக்கலாம். கொடுக்கிறவர் வேதத்தில் இல்லாதவராகவும் இருக்கலாம். ஆனால் தண்ணீரை ஊற்றுகிறவரே வார்த்தையையும் சொல்ல வேண்டும், மனதிலும் அந்த எண்ணம் இருக்க வேண்டும்.

ஸுலைஹா பழக்கத்தில் பிஸ்மில்லாஹ் சொல்லித் தண்ணீரை ஊற்றினாள். "பிதா, சுதன், பரிசுத்த ஆவியின் பேராலே" என்று சுதர்சனா பின்னால் கிடந்து கத்தினாள். ஸுலைஹாவின் நாக்குப் புரளவில்லை. அல்லாஹ்வுக்கு மகன் உண்டென்று சொல்வது அவள் மார்க்கத்தில் பாவங்களிலெல்லாம் பெரிய பாவம். அவள் வாய்க்கு வந்த ஒரு துஆவை முணுமுணுத்தாள். ஆஸ்பத்திரி வாசலைக் காணுமுன்பே பிள்ளை வாயை மூடிவிட்டது.

வார்டில் கண் விழித்ததும் சுதர்சனா கேட்டது ஒன்றைத்தான்.

"சொன்னீங்கள்தானே, ராத்தா?"

அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டு வேறென்ன செய்வது? ஸுலைஹாவின் தலை தானாக ஆடிற்று.

தலையாட்டுவது சுலபம். அதற்குப் பிறகுதான் வில்லங்கம் தொடங்கியது. வேதக்காரரைப் புதைக்கிற கண்டக்குழிச் சேமக்காலையில் ஒரு வழக்கம் இருந்தது. ஞானஸ்நானம் இல்லாமல் செத்த பிள்ளைகள் சென்மப் பாவத்தோடு போனவை என்று, அவற்றை வேலிக்கு வெளியே, கடல் பக்கமாகப் புதைப்பார்கள். வீட்டிலோ வழியிலோ ஞானஸ்நானம் கொடுத்ததாகச் சொன்னால், கொடுத்தவர் சேமக்காலை வாசலில் ஊராருக்கு முன்னால் நின்று மூன்று கேள்விகளுக்குப் பதில் சொல்ல வேண்டும். தண்ணீர் ஊற்றினாயா, மனதில் அந்த எண்ணம் இருந்ததா, வார்த்தையைச் சொன்னாயா? கேட்கிறவர் கோயில் மூப்பர் அந்தோனிப்பிள்ளை. வாசல் பூட்டின் திறப்பும் அவரிடந்தான். போதாக்குறைக்கு அவர் தவச்செல்வனின் தகப்பன், செத்த பிள்ளையின் அப்பப்பா.

"இப்ப என்ன செய்யப் போற?" என்றான் ஸுலைஹாவின் புருசன் ஹாசிம். "சென்னேன்டு சென்னா, நாளைக்குப் பள்ளியில எனக்கு சலாம் செல்ல ஒரு ஆள் இரிக்காது. செல்லல்லன்டு சென்னா, அந்தப் புள்ளைய வேலிக்கு வெளிய வெச்சிருவாங்க. தல ஆட்ட முந்தி எனக்கிட்ட ஒரு வார்த்த கேட்டிருக்கலாம்."

"கேட்டிருந்தா நீங்க என்ன செஞ்சிருப்பீங்க?"

ஹாசிம் யோசித்தான். "நானும் ஆட்டித்தான் இருப்பேன்" என்று சொல்லிவிட்டு வண்டியைக் கழுவப் போனான்.

பின்னேரம் மூப்பர் அவர்கள் வளவுக்கு வந்தார். பூசைக்குப் பிந்தி வருகிறவனைத் திரும்பிப் பார்த்தே கூசவைக்கிற மனிதர். அன்றைக்குக் கதிரையின் நுனியில், யாரோ அடித்துப் போட்டவரைப் போல உட்கார்ந்திருந்தார். தேத்தண்ணி வேண்டாம் என்றார்.

"நான் ஒண்டும் கேக்க வரேல்லை, பிள்ளை. கேக்கிறதை நாளைக்கு வாசலில கேப்பன். என்ர பேரனைப் பிடிச்ச கைக்கு நன்றி சொல்ல வந்தனான்."

மனதில் கிடந்ததை ஸுலைஹா கேட்டே விட்டாள்.

"ஐயா, கோவிக்காதீங்க. அந்தப் புள்ள கண்ணக்கூடத் தொறக்கல்ல. அது என்ன பாவம் செஞ்சிச்சு?"

"அவன் செய்யேல்லை. ஆதாம் செய்தது."

"ஆதம் நபி அழுது கேட்டாங்க, அல்லாஹ் மன்னிச்சிட்டான். அதோட அது முடிஞ்சிதானே? பொறக்கிற புள்ள கழுவின துணி மாதிரித்தான் வருதுன்டு எங்கட ஹஸரத் செல்வார்."

மூப்பர் கோபிக்கவில்லை. மீன் பரப்பிய பாயையே பார்த்துக்கொண்டு சொன்னார்: "சிலாபத்தில ஒருக்கா எங்களுக்கு வகுப்பு வைச்சவை. படிப்பிச்ச சுவாமி சொன்னார், இந்தப் பழம், பாம்பு, ஏவாள் எல்லாம் முதலில யூதரிட்ட இருந்த கதையாம். ஆனா பிறக்கிற பிள்ளையில பாவம் இருக்கு எண்டு அவையள் அதில வாசிக்கேல்லையாம். அவனவன்ர பாவம் அவனவனோட எண்டு அவையளின்ர தீர்க்கதரிசியே சொன்னவராம். ஆதாமோட சேந்து எல்லாரும் விழுந்தம் எண்டது எங்கட பவுல் அப்போஸ்தலர். அதைப் பிறகு வந்த பெரியாக்கள் இன்னும் இழுத்துக்கொண்டு போய், பச்சைக் குழந்தையிலயும் அது ஒட்டிக் கிடக்கு எண்டு முடிச்சவையாம். எனக்கு வந்த கோவத்துக்கு, எழும்பி நிண்டு சுவாமியோட சண்டை. அப்ப எங்கட பிள்ளையள் வேலிக்கு வெளியில கிடக்கிறது சும்மாவோ எண்டு கேட்டன்."

"அவர் என்ன சென்னார்?"

"மூப்பர், அந்தக் கேள்வியை உங்களிட்டையே கேட்டுப் பாருங்கோ எண்டார். நான் இண்டை வரைக்கும் கேக்கேல்லை." அவர் எழும்பினார். "கத்தரினாவின்ர பிள்ளையை நான்தான் வெளியில வைச்சனான். பதறிப்போய் தண்ணியை மட்டும் ஊத்தினவள், வார்த்தை வரேல்லை எண்டு அழுதழுது சொன்னவள். இப்ப என்ர பேரன் எண்ட உடன கதவைத் திறந்தா நான் என்ன மனுசன், சொல்லு?"

அவர் போன பிறகு ஸுலைஹா ஒரு முடிவுக்கு வந்தாள். பொய் சொல்வது. பொய்யின் பாவம் அவளுடையது, அழுது தவ்பா கேட்டால் அல்லாஹ் மன்னிக்கக்கூடும். ஊர் மன்னிக்காது, அது வேறு கதை. ஆனால் ஒரு பாவமும் இல்லாத பிள்ளையைப் பாவியென்று வெளியே கிடத்துவதற்கு அவள் வாய் காரணமாக இருக்கக் கூடாது.

மறுநாள் காலை சேமக்காலை வாசலில் ஊர் கூடிவிட்டது. இரவு கடலிலிருந்து திரும்பிய தவச்செல்வன் சின்னப் பெட்டியை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றான். அதைத் தூக்க இரண்டாவது ஆள் தேவைப்படவில்லை, பார்த்தவர்களுக்கு அதுதான் தாங்கவில்லை. முக்காட்டை இழுத்துப் பிடித்தபடி ஸுலைஹா முன்னுக்கு வந்தாள். கத்தரினா வேலியோரமாக, தன் பிள்ளை கிடக்கிற பக்கம் நின்றிருந்தாள்.

"தண்ணி ஊத்தினது ஆர்?" என்று மூப்பர் கேட்டார்.

"நான்."

"தலையிலயோ?"

"ஓம், தலையில."

"தாய் என்னத்துக்காக ஊத்தச் சொன்னாளோ, அதுக்காகத்தான் ஊத்தினியோ? மனசில அதுதான் இருந்ததோ?"

"ஓம், ஐயா. அல்லாஹ் மேல ஆணையா அதுதான் இருந்திச்சு." இதைச் சொல்லும்போது அவள் குரல் தடுமாறவில்லை. உண்மைக்குக் குரல் தானாகவே வந்தது.

மிஞ்சியிருந்தது மூன்றாவது. பொய் ஸுலைஹாவின் நாக்கு நுனியில் தயாராக இருந்தது, மீன் முள்ளைப் போலக் குத்திக்கொண்டு. மூப்பர் அவள் முகத்தைப் பார்த்தார். நீண்ட நேரம் பார்த்தார். பிறகு திரும்பி, திறப்பை எடுத்துப் பூட்டில் வைத்தார்.

அவளால் பொறுக்க முடியவில்லை. பொய்யைக் கேட்காத மனிதரிடம் உண்மையை ஒளிக்கவும் அவளுக்கு மனம் வரவில்லை.

"ஐயா, அந்த வார்த்த..."

"நான் அதைக் கேக்கேல்லையே, பிள்ளை" என்றார் அவர், திரும்பாமலே.

கூட்டத்தில் முணுமுணுப்பு எழும்பியது. மூன்றாவது எங்கே என்று ஒருவர் கேட்டார். தன் பேரன் என்றால் ஒரு சட்டமோ என்று இன்னொருவர் சொன்னது எல்லாருக்கும் கேட்டது. மூப்பர் திறப்பைத் திருப்பாமல் நின்றார். கத்தரினா வேலியை விட்டு நடந்து வந்து அவருக்கு முன்னால் நின்றாள். முணுமுணுப்பு அடங்கிவிட்டது.

"என்னட்ட மூண்டும் கேட்டனீங்கள், மூப்பர்."

"ஓம், கேட்டனான்." அவர் அழுதுகொண்டிருந்தார், மறைக்கவும் இல்லை. "பாவம் அதுதான், கத்தரினா. உன்ர பிள்ளையில ஒரு பாவமும் இருக்கேல்லை. அவனுக்கும் இண்டைக்கு நான் செபம் சொல்லுவன். நீ விட்டால்."

கத்தரினா மன்னித்தாளா இல்லையா என்று அந்த முகத்தைப் பார்த்துச் சொல்ல முடியாது, அவ்வளவு லேசாக மன்னிக்கிற காரியமும் அல்ல அது. அவள் மூப்பரின் கையிலிருந்து திறப்பை வாங்கினாள். பூட்டைத் திறந்து, படலையைத் தள்ளி, பெட்டிக்கு வழி விட்டாள்.

அன்று பின்னேரம் ஸுலைஹா வார்டுக்குப் போனாள். சுதர்சனா கட்டிலில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள்.

"உள்ளுக்கோ?"

"உள்ளுக்குத்தான். மாமரத்துக்குக் கிட்ட."

சுதர்சனா அழுது ஓயும்வரை ஸுலைஹா அவள் முதுகைத் தடவிக்கொண்டிருந்தாள். பிறகு சுதர்சனா மெதுவாகத் திரும்பினாள்.

"நீங்கள் சொல்லேல்லை எண்டு எனக்குத் தெரியும், ராத்தா. உங்கட வாயைத்தான் பாத்துக்கொண்டு கிடந்தனான்."

ஸுலைஹா கையை எடுத்துவிட்டாள். "அப்ப ஏன் எனக்கிட்ட கேட்ட?"

"தலையை ஆட்டுவீங்கள் எண்டும் தெரியும். அது எனக்கு வேணும்போல இருந்தது." அவள் கண்ணைத் துடைத்தாள். "என்னவோ சொன்னீங்கள்தானே, அவன்ர காதடியில? என்ன சொன்னீங்கள்?"

சொன்னால் அழுதுவிடுவோம் என்று ஸுலைஹாவுக்குத் தெரிந்தது. அப்படியே அழுதுகொண்டுதான் சொன்னாள்.

"யா அல்லாஹ், இவன்ட உம்மா என்ன கேக்கிறாளோ, எனக்கு அது விளங்காட்டியும், அத இந்தப் புள்ளைக்குக் குடுத்திருன்டு சென்னேன்."

சுதர்சனா அவளுடைய கையை எடுத்து விரித்துத் தன் கன்னத்தின் கீழ் வைத்துக்கொண்டு கண்ணை மூடினாள். பிள்ளை கிடந்த கை அது.